கோபால்ட்டின் இணைதிறன் மூன்றா, ஆறா?

கேள்வி இதுதான். ஹெக்சாஅம்மீன் கோபால்ட் குளோரைடில் கோபால்ட்டின் இணைதிறன் 3 என்று ஒரு புத்தகம் சொல்கிறது, 6 என்று இன்னொன்று சொல்கிறது. ஆக்சிஜனேற்ற நிலை +3 என்பதில் மட்டும் இரண்டுக்கும் கருத்து வேறுபாடு இல்லை. அப்படியானால் இணைதிறன், ஆக்சிஜனேற்ற நிலை, அணைவு எண் மூன்றும் ஒன்றா, வேறா? நிக்கல் கார்பனைலில் நிக்கலுக்குப் பூஜ்ஜியம் வருகிறதே, அது எப்படி நான்கு கார்பன் மோனாக்சைடைப் பிடித்து வைத்திருக்கிறது? நைட்ரோபுருசைடில் இரும்பு +2ஆ, +3ஆ?

மூன்றும் வெவ்வேறு எண்ணிக்கைகள். ஒவ்வொன்றும் வேறொன்றை எண்ணுகிறது.

நடு உலோக அணுவைச் சுற்றிப் பிணைந்து நிற்கும் அயனி அல்லது மூலக்கூறுக்கு ஈனி என்று பெயர், இரண்டும் சேர்ந்தது அணைவு. ஈனி ஒவ்வொன்றும் உலோகத்தோடு பகிர்ந்த எலக்ட்ரான் இரட்டையைத் தன்னோடே எடுத்துக்கொண்டு விலகிப்போனால் உலோகத்தின் மேல் என்ன மின்சுமை மிஞ்சுமோ, அதுதான் ஆக்சிஜனேற்ற நிலை. இது ஒரு கணக்கு வழக்கு எண். குறை எண்ணாகவும் பூஜ்ஜியமாகவும் வரலாம். உலோகத்தை நேரடியாகத் தொட்டுக்கொண்டிருக்கும் வழங்கி அணுக்கள் எத்தனை என்பது அணைவு எண். பிணைப்புகளுக்காக அந்த அணு தன் சொந்த எலக்ட்ரான்களில் எத்தனையைச் செலவிட்டிருக்கிறது என்பது இணைதிறன். ஹெக்சாஅம்மீனில் இவை முறையே +3, 6, 3. இணைதிறன் 6 என்று எழுதிய புத்தகம், வெர்னர் ‘இரண்டாம் நிலை இணைதிறன்’ என்று அழைத்ததை அடைமொழி இல்லாமல் எழுதியிருக்கிறது. இன்று அதற்குப் பெயர் அணைவு எண். குழப்பம் முழுவதும் இந்த ஒரு சொல்லிலிருந்து வருகிறது. ஆகவே வெர்னரிடமிருந்தே தொடங்குவது நல்லது.

1893இல் சூரிச்சில் இருந்த வேதியியலர் ஆல்ஃபிரட் வெர்னருக்கு வயது 26. அவர் முன்னால் இருந்த புதிர் இது: கோபால்ட் ட்ரைகுளோரைடு, மூன்று இணைதிறனும் நிறைவடைந்த சேர்மம். அப்படியிருந்தும் அது ஆறு, ஐந்து, நான்கு அம்மோனியாவைச் சேர்த்துக்கொண்டு மஞ்சள், செவ்வூதா, பச்சை என்று தனித்தனி உப்புகளைத் தருகிறது. கோபன்ஹேகனில் வேதியியலர் யோர்கென்சன், அம்மோனியாக்கள் சங்கிலிபோல் ஒன்றோடொன்று கோத்துக்கொண்டு உலோகத்துக்கும் குளோரினுக்கும் நடுவில் நிற்கின்றன என்றார். வெர்னர், உலோகத்துக்கு இரண்டு வகை இணைதிறன் உண்டு என்றார். எதிர் அயனிகளின் மின்சுமையால் நிறைவடைவது முதன்மை இணைதிறன். உலோகத்தைச் சுற்றிக் குறிப்பிட்ட திசைகளில் நிற்கும் ஈனிகளால் நிறைவடைவது இரண்டாம் நிலை இணைதிறன். கோபால்ட்டுக்கு முதலாவது மூன்று, இரண்டாவது ஆறு.

இதைச் சோதிக்க வெள்ளி நைட்ரேட் போதும். வெளியே இருக்கும் குளோரைடு உடனே வெள்ளி குளோரைடாக வீழ்படியும், உள்ளே உலோகத்தோடு பிணைந்தது வீழ்படியாது. ஒரு மோல் மஞ்சள் உப்புக்கு (நம் ஹெக்சாஅம்மீன்) மூன்று மோல் வெள்ளி குளோரைடு, செவ்வூதா உப்புக்கு இரண்டு, பச்சை உப்புக்கு ஒன்று. செவ்வூதா உப்பில் உள்ளே அகப்பட்ட ஒரு குளோரைடு இரண்டு வேலை செய்கிறது: ஒரு முதன்மை இணைதிறனையும் ஆறில் ஓர் இடத்தையும் சேர்த்து நிரப்புகிறது. யோர்கென்சனே தயாரித்த, மூன்று அம்மோனியா கொண்ட இரிடியம் ட்ரைகுளோரைடு இந்த வழக்கைத் தீர்த்து வைத்தது. சங்கிலிக் கொள்கைப்படி அதில் குளோரைடு வீழ்படிய வேண்டும், வெர்னர் கணக்கின்படி கூடாது. வீழ்படியவில்லை. 1913இல் வெர்னருக்கு நோபல் பரிசு கிடைத்தது.

ஆய்வுக்கூடத்தில் இதைச் செய்து பார்ப்பவர்களில் பலருக்குச் செவ்வூதா உப்பில் 2க்குப் பதில் 2.3, 2.6 என்று வரும். காரணத்தை எடையோடு பார்க்கலாம். செவ்வூதா உப்பான குளோரோபென்டாஅம்மீன் கோபால்ட் குளோரைடின் மோலார் நிறை 250.4. 0.500 கிராம் எடுத்தால் 0.001997 மோல். இரண்டு குளோரைடு மட்டும் வீழ்படிந்தால் வெள்ளி குளோரைடு 0.572 கிராம், மூன்றும் வீழ்படிந்தால் 0.859 கிராம். இந்த உப்பு குளிர்ந்த நீரில் 100 மி.லி.க்கு ஏறக்குறைய 0.4 கிராம்தான் கரையும். 50 மி.லி.யில் கரையவில்லையே என்று பர்னரில் வைத்தவுடன் தவறு தொடங்குகிறது. சூட்டில் உள்ளே இருக்கும் குளோரைடு வெளியேறி அந்த இடத்தில் நீர் வந்து உட்கார்கிறது. செவ்வூதா ரோஜாச் சிவப்பாக மாறுவதைக் கண்ணாலேயே பார்க்கலாம். அறை வெப்பநிலையில் பாதி மாறுவதற்கே சில நாட்கள் ஆகும் வினை, கொதிநிலைக்கு அருகில் கிடுகிடுவென்று நடந்துவிடுகிறது.

எனவே 200 மி.லி. குளிர்ந்த நீர், சிறிது நீர்த்த நைட்ரிக் அமிலம், சூடு படாமல் கலக்கிக் கரைத்து 0.1 மோலார் வெள்ளி நைட்ரேட் சுமார் 45 மி.லி. சேர்க்க வேண்டும், தேவையானது 40 மி.லி., மீதி சிறு மிகை. வழக்கமாக வெள்ளி குளோரைடு கூழ்மமாகிவிடாமல் திரளச் சூடுபடுத்துவோம், இங்கே அது கூடாது. நன்றாகக் கலக்கி, சிறிது நேரம் இருட்டில் வைத்து வடிகட்ட வேண்டும். நீர்த்த நைட்ரிக் அமிலத்தால் கழுவுங்கள், வெறும் நீர் பட்டால் வீழ்படிவு மீண்டும் கூழ்மமாகி வடிதாளைத் தாண்டிவிடும். பச்சை உப்பில் நிலைமை இன்னும் மோசம். அதன் உள் குளோரைடுகளில் ஒன்று அறை வெப்பநிலையிலேயே சில நிமிடங்களில் விலகத் தொடங்குகிறது. ‘ஒன்று’ என்று புத்தகத்தில் இருக்கும் விடை, பனிக்கட்டி நீரில், கரைத்த கையோடு செய்தால்தான் கிடைக்கும்.

இனி ஆக்சிஜனேற்ற நிலையைக் கணக்கிடும் வழி. சூத்திரம் எல்லாருக்கும் தெரியும்: உலோகத்தின் எண்ணும் ஈனிகளின் மின்சுமைகளும் சேர்ந்து அணைவின் மொத்த மின்சுமைக்குச் சமம். பொட்டாசியம் ஃபெர்ரோசயனைடில் நான்கு பொட்டாசியம் +4, ஆறு சயனைடு −6, ஆக இரும்பு +2. ஃபெர்ரிசயனைடில் பொட்டாசியம் மூன்று, ஆக இரும்பு +3. கூட்டல் கழித்தலில் யாரும் தவறுவதில்லை, ஈனியின் மின்சுமையில்தான் தவறுகிறார்கள். நீர், அம்மோனியா, பிரிடின், கார்பன் மோனாக்சைடு, ட்ரைஃபீனைல் பாஸ்பீன், எத்திலீன், எத்திலீன் டையமீன் இவை பூஜ்ஜியம். எத்திலீன் டையமீன் இரு முனையால் பிடிப்பதால் அதற்கு −2 போடுபவர்கள் உண்டு. பிடிக்கும் முனைகளின் எண்ணிக்கை அணைவு எண்ணில் சேரும், மின்சுமையில் சேராது. ஹாலைடு, சயனைடு, ஹைட்ராக்சைடு, நைட்ரைட், அசிட்டைல்அசிட்டோனேட், கிளைசினேட், சைக்ளோபென்டாடையீனைல் −1. ஆக்சலேட், கார்பனேட், தயோசல்பேட், போர்பிரின் −2. முழுவதும் புரோட்டான் இழந்த ஈடிடிஏ −4. நிக்கலுக்கான சோதனையில் சிவப்பாக வீழ்படியும் சேர்மத்தில் இரண்டு டைமெத்தில்கிளையாக்சிம் உண்டு. ஒவ்வொன்றும் ஒரு புரோட்டானை இழந்து −1 ஆக இருக்கிறது. நடுநிலை ஈனி என்று நினைத்தால் நிக்கல் பூஜ்ஜியமாகிவிடும். சரியானது +2. வினையில் அம்மோனியா சேர்ப்பதே அந்தப் புரோட்டானைப் பிடுங்கத்தான்.

ஹைட்ரஜன் உலோகத்தோடு நேரடியாகப் பிணைந்திருந்தால் −1 என்று கொள்வது மரபு. ஒன்பது ஹைட்ரைடு கொண்ட, −2 மின்சுமையுள்ள ரீனியம் அணைவில் ரீனியம் +7 ஆவது இதனால். கோபால்ட் டெட்ராகார்பனைல் ஹைட்ரைடில் அதே மரபு கோபால்ட்டை +1 ஆக்குகிறது. ஆனால் அந்தச் சேர்மம் நீரில் வலுவான அமிலம், ஹைட்ரஜனைப் புரோட்டானாகத்தான் விடுகிறது. கணக்கு எண் வேறு, வேதி நடத்தை வேறு என்பதற்கு இதைவிடக் கூர்மையான எடுத்துக்காட்டு கிடைப்பது அரிது.

ஆக்சிஜன் தனிக் கவனம் கேட்கும். ஈதரில் அழகான நீலமாகக் கரையும் குரோமியம் பெராக்சைடில் ஒரு குரோமியத்துக்கு ஐந்து ஆக்சிஜன். கண்ணை மூடிக்கொண்டு ஒவ்வொன்றுக்கும் −2 போட்டால் குரோமியம் +10. குரோமியத்திடம் இருக்கும் இணைதிறன் எலக்ட்ரான்களே ஆறுதான், பத்தை எங்கிருந்து இழக்கும்? ஐந்தில் நான்கு ஆக்சிஜன்கள் இரண்டு பெராக்சைடு ஈனிகளாக இருக்கின்றன. ஒவ்வொரு பெராக்சைடும் −2. ஆகவே குரோமியம் +6. விடை வந்ததும் தனிம வரிசை அட்டவணையில் அந்த உலோகத்தின் தொகுதி எண்ணோடு ஒப்பிட்டுப் பாருங்கள். அதைவிட அதிகமாக வந்தால் அநேகமாக ஓர் ஈனியைத் தவறாக வாசித்திருக்கிறீர்கள்.

இணைதிறனும் ஆக்சிஜனேற்ற நிலையும் எங்கே பிரிகின்றன? ஒரே தனிமத்தின் இரு அணுக்கள் ஒன்றோடொன்று பிணையும்போது தெளிவாகப் பிரிகின்றன. அப்படிப்பட்ட பிணைப்பை நடுவில் சரிபாதியாக வெட்டுகிறோம். அது ஆக்சிஜனேற்ற நிலைக்கு எதையும் சேர்ப்பதில்லை. மெர்குரஸ் குளோரைடில் ஒவ்வொரு பாதரசமும் ஒரு குளோரினோடும் இன்னொரு பாதரசத்தோடும் பிணைந்திருக்கிறது. இணைதிறன் 2, ஆக்சிஜனேற்ற நிலை +1. பத்து கார்பனைலும் இரண்டு மாங்கனீசும் கொண்ட சேர்மத்தில் மாங்கனீசு பூஜ்ஜிய நிலையில் இருக்கிறது, ஆனால் இன்னொரு மாங்கனீசோடு ஒரு பிணைப்பு உண்டு, இணைதிறன் 1. கரிம வேதியியலில் இது இன்னும் பளிச்சென்று தெரியும்: மீத்தேனில் கார்பன் −4, டைகுளோரோமீத்தேனில் 0, கார்பன் டெட்ராகுளோரைடில் +4. மூன்றிலும் இணைதிறன் நான்குதான். அணைவுகளில் பெரும்பாலும் இரண்டு எண்களும் ஒன்றாக வருவதால்தான் இவை ஒன்றே என்ற எண்ணம் ஊறிப்போயிருக்கிறது.

நிக்கல் கார்பனைலுக்கு வருவோம். பிணைப்புக்கு வேண்டிய இரட்டையைக் கார்பன் மோனாக்சைடே முழுதாகக் கொடுக்கிறது, அதாவது ஈதல் சகப்பிணைப்பு. நிக்கல் தன் எலக்ட்ரானைப் பங்காகப் போட வேண்டியதில்லை. ஆகவே மேலே சொன்ன பொருளில் இணைதிறனும் பூஜ்ஜியம், ஆக்சிஜனேற்ற நிலையும் பூஜ்ஜியம், அணைவு எண் மட்டும் 4. பூஜ்ஜியம் என்பதற்குப் பிணைப்பு இல்லை என்று பொருள் இல்லை. நிக்கலிடம் பத்து டி எலக்ட்ரான்கள் முழுதாக இருக்கின்றன, அவற்றில் ஒரு பகுதி கார்பன் மோனாக்சைடின் காலியான எதிர்ப்பிணைப்பு ஆர்பிட்டால்களுக்குத் திரும்பப் பாய்கிறது. பிடிப்பை வலுவாக்குவது இந்தத் திரும்பக் கொடுத்தல்தான்.

வெறும் கணக்கு எண் என்றால் அதற்கு இயற்கையில் ஒரு தடயமும் இருக்காதா என்று கேட்கலாம். இருக்கிறது. ஆறு கார்பனைல் கொண்ட நான்கு அணைவுகளை வரிசையாக வையுங்கள்: மாங்கனீசு +1, குரோமியம் 0, வனேடியம் −1, டைட்டானியம் −2. நான்கிலும் ஆறு டி எலக்ட்ரான்கள். தனித்த கார்பன் மோனாக்சைடின் அதிர்வு அகச்சிவப்பு நிறமாலையில் 2143 அலை எண்ணில் வரும். இந்த வரிசையில் அது சுமார் 2090, 2000, 1860, 1750 என்று இறங்கிக்கொண்டே போகிறது. உலோகத்தின் எண் குறையக் குறைய அது திருப்பிக் கொடுக்கும் எலக்ட்ரான் கூடுகிறது, கார்பன்–ஆக்சிஜன் பிணைப்பு தளர்கிறது. மெய்யான மின்சுமை −2க்குப் பக்கத்தில்கூட இருக்காது, பெரும்பகுதியை ஈனிகள் வாங்கிக்கொண்டிருக்கும். ஆனால் ஏறுமுகமா இறங்குமுகமா என்பதை இந்த எண் துல்லியமாகச் சொல்லிவிடுகிறது.

கணக்கில் வந்த எண்ணைக் குடுவையில் சரிபார்க்கவும் முடியும். ஹெக்சாஅம்மீன் கோபால்ட் +3 என்பதை அயோடின் தரம்பார்த்தலால் காட்டலாம். 0.500 கிராம் உப்பில் 0.00187 மோல். ஒவ்வொரு கோபால்ட்டும் +3இலிருந்து +2க்கு இறங்கினால் 0.1 மோலார் தயோசல்பேட் 18.7 மி.லி. செலவாக வேண்டும். உப்பை அப்படியே கரைத்துப் பொட்டாசியம் அயோடைடைச் சேர்த்தால் எதுவும் நடக்காது. நீர் மட்டும் சூழ்ந்த கோபால்ட் +3, +2க்கு இறங்கும் நியம மின்னழுத்தம் சுமார் +1.8 வோல்ட், நீரையே ஆக்சிஜனேற்றும் வேகம் அதற்கு உண்டு. ஆறு அம்மோனியா சூழ்ந்தவுடன் அது சுமார் +0.1 வோல்ட்டாகச் சரிகிறது. அயோடைடை அயோடினாக்க +0.54 வேண்டும். ஒரே +3 நிலை, ஆனால் ஈனி மாறினால் குணம் தலைகீழாகிவிடுகிறது.

அதனால் முதலில் அணைவை உடைக்க வேண்டும். சோடியம் ஹைட்ராக்சைடு கரைசலோடு கொதிக்க வைத்தால் அம்மோனியா போய்க் கருநிறக் கோபால்ட் +3 ஆக்சைடு மிஞ்சும். குடுவை வாயில் பிடித்த ஈரமான சிவப்பு லிட்மஸ் தாள் நீலமாகாமல் நிற்கும்வரை கொதிக்கட்டும். ஆறிய பிறகு அயோடைடு, அதன் பிறகுதான் ஹைட்ரோகுளோரிக் அமிலம். வரிசை மாறினால், விடுபட்ட கோபால்ட் +3, அமிலத்தின் குளோரைடையே குளோரினாக்கி வெளியே விட்டுவிடும், விடை குறைவாக வரும். அமிலம் சேர்த்தபின் மூடி இருட்டில் வைத்து, கருநிறத் துகள் முழுதும் கரைந்ததும் தரம்பார்க்கவும். காற்று பட்டுக்கொண்டே இருந்தால் அயோடைடு தானாக ஆக்சிஜனேற்றம் அடைந்து விடை கூடும். முடிவுப் புள்ளியில் ஸ்டார்ச்சின் நீலம் போனபின் கரைசல் நிறமற்றதாகாது. கோபால்ட் +2இன் இளஞ்சிவப்பு நிற்கும். அதையும் போக்க வேண்டும் என்று தயோசல்பேட்டை ஊற்றிக்கொண்டே போகாதீர்கள்.

காந்தத் திருப்புத்திறனும் உதவும், ஆனால் தனியாக அதை நம்ப வேண்டாம். ஹெக்சாஅம்மீனில் கோபால்ட் +3க்கு இணையாகாத எலக்ட்ரான் ஒன்றுகூட இல்லை, ஹெக்சாபுளூரோ அணைவில் அதே +3க்கு நான்கு. எண்ணிக்கையை வைத்து நிலையைச் சொல்வதற்கு முன் ஈனிப் புலம் வலுவானதா என்று தெரிந்திருக்க வேண்டும்.

கடைசிக் கேள்விதான் கடினமானது. சில ஈனிகள் தங்கள் மின்சுமையை வெளியே காட்டிக்கொள்வதில்லை. ஆக்சிஜன் மூலக்கூறு நடுநிலையாக, சூப்பராக்சைடாக, பெராக்சைடாக, மூன்று வேடத்திலும் உலோகத்தோடு சேரும். இரண்டு கோபால்ட் பென்டாஅம்மீன்களை ஓர் ஆக்சிஜன் மூலக்கூறு இணைக்கும் பழுப்பு அணைவின் மின்சுமை +4. அது ஓர் எலக்ட்ரானை இழந்து +5 மின்சுமையுள்ள பச்சை அணைவாகும். பச்சை அணைவில் ஒரு கோபால்ட் +3, மற்றது +4 என்று வெர்னர் எழுதினார். பின்னாளில் ஆக்சிஜன்–ஆக்சிஜன் தூரத்தை அளந்தபோது பழுப்பில் சுமார் 1.47 ஆங்ஸ்ட்ராம், பச்சையில் சுமார் 1.31. முதலாவது பெராக்சைடின் நீளம், இரண்டாவது சூப்பராக்சைடினுடையது. எலக்ட்ரான் போனது ஆக்சிஜனிடமிருந்து. இரண்டிலும் இரு கோபால்ட்டும் +3தான். வெர்னரின் கூட்டலில் பிழையில்லை. எந்த அணு இழந்தது என்பதைக் கூட்டல் சொல்லாது, அளவீடுதான் சொல்லும்.

நைட்ரிக் ஆக்சைடும் அப்படித்தான். +1, 0, −1 மூன்றாகவும் அதை எழுத முடியும். சோடியம் நைட்ரோபுருசைடில் இரண்டு சோடியம், ஐந்து சயனைடு, ஒரு நைட்ரிக் ஆக்சைடு. ஈனியை நடுநிலையாகக் கொண்டால் இரும்பு +3, நைட்ரோசோனியமாக (+1 மின்சுமையுள்ள நைட்ரிக் ஆக்சைடாக) கொண்டால் +2. சேர்மம் டயாகாந்தத்தன்மை உடையது, அதாவது இணையாகாத எலக்ட்ரான் இல்லாதது. நைட்ரஜன்–ஆக்சிஜன் அதிர்வு 1940 அலை எண் அருகே வருகிறது, தனித்த நைட்ரிக் ஆக்சைடின் 1876ஐவிட மேலே. இரும்பு–நைட்ரஜன்–ஆக்சிஜன் கோணமும் ஏறக்குறைய நேர்கோடு. மூன்றும் சேர்ந்து +2, நைட்ரோசோனியம் என்ற பக்கமே சாய்கின்றன. விடை +2.

நைட்ரேட் சோதனையில் சோதனைக் குழாயில் வளையமாக நிற்கும் பழுப்பு அணைவு அவ்வளவு எளிதில் பிடிகொடுப்பதில்லை. ஐந்து நீர், ஒரு நைட்ரிக் ஆக்சைடு, மின்சுமை +2. பாடப்புத்தகங்கள் ஈனியை நைட்ரோசோனியமாகக் கொண்டு இரும்புக்கு +1 தருகின்றன. காந்தத் திருப்புத்திறன் சுமார் 3.9 போர் மேக்னட்டான், மூன்று இணையாகாத எலக்ட்ரான்கள். அது +1க்குப் பொருந்துகிறது. ஆனால் ஐந்து இணையாகாத எலக்ட்ரான் கொண்ட இரும்பு +3, எதிர்த்திசையில் சுழலும் இரண்டு எலக்ட்ரான் கொண்ட −1 ஈனியோடு சேர்ந்தாலும் மிஞ்சுவது மூன்றுதான். மோஸ்பவர் உள்ளிட்ட நிறமாலை ஆய்வுகள் இந்த +3 விளக்கத்தை முன்வைத்தன, இரும்பு +2 என்ற வாதமும் இருக்கிறது. பன்னிரண்டாம் வகுப்புத் தேர்விலோ நுழைவுத் தேர்விலோ கேட்டால் +1 என்று எழுதுங்கள், விடைக்குறிப்பு அதைத்தான் எதிர்பார்க்கும். ஆய்வேட்டில் எழுதுவதானால் 1974இல் எனிமார்க்கும் ஃபெல்தமும் தந்த குறியீடு இருக்கிறது. இரும்பையும் நைட்ரிக் ஆக்சைடையும் பிரிக்காமல் ஒரே அலகாக அடைப்புக்குள் போட்டு, இரும்பின் டி எலக்ட்ரான்களையும் ஈனியின் எதிர்ப்பிணைப்பு எலக்ட்ரான்களையும் கூட்டி மேலே எழுதுவார்கள். நைட்ரோபுருசைடுக்கு 6, பழுப்பு வளையத்துக்கு 7. இரும்பை +1 என்று எடுத்து 7 + 0 என்று கூட்டினாலும், +2 என்று எடுத்து 6 + 1 என்று கூட்டினாலும், +3 என்று எடுத்து 5 + 2 என்று கூட்டினாலும் அந்த 7 மாறாது.